பெரியமேட்டுக்கு வந்து சேர்ந்த விதம்

அம்பத்தூர் எஸ்டேட்டில் இருந்த அந்த இரும்பு வார்ப்படக் கம்பெனியின் கால்பந்து டீம் கம்பெனிகளுக்கான கப் போட்டியில் இறுதி ஆட்டத்துக்குத் தேறிவிட்டது என்று தெரிந்ததும் நிர்வாகம் சந்தோஷப்படவில்லை, சந்தேகப்பட்டது. ஆண்டு மலரில் போட ஒரு போட்டோ வேண்டுமே என்று வைத்திருந்த டீம் அது. அது ஜெயிக்க வேண்டும் என்று யாரும் தீர்மானம் போடவில்லை. தீர்மானம் போடாத ஒன்று நடந்தால் அதற்குப் பின்னால் யாரோ இருக்கிறார்கள் என்பது நிர்வாகத்தின் கொள்கை.

ஆட்டம் ஞாயிற்றுக்கிழமை நாலரை மணிக்கு, பெரியமேட்டு ஸ்டேடியத்தில். தொழிலாளர்கள் எல்லோரும் போய்ப் பார்க்க ஆசைப்படுகிறார்கள் என்று சூப்பர்வைசர்கள் வந்து சொன்னபோது சந்தேகம் உறுதியாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை வீட்டில் படுத்துத் தூங்கவேண்டியவன் எதற்காக மெட்ராசுக்குப் போக ஆசைப்படுகிறான்? அங்கே கட்சி ஆபீசுகள் இருக்கின்றன. சினிமாக் கொட்டகைகள் இருக்கின்றன. போன வருஷம் அரசாங்கமே சாராயக் கடைகளைத் திறந்துவிட்டதிலிருந்து முக்குக்கு முக்கு அதுவும் இருக்கிறது.

விஷயம் வெல்ஃபேர் ஆபீசர் செங்கல்வராயனிடம் ஒப்படைக்கப்பட்டது. அவர் பல வருஷம் ராணுவக் கிடங்கு ஒன்றில் பூட்சுகளை எண்ணிவிட்டு ஓய்வு பெற்றவர். அவர் காலத்தில் ஒரு ஜோடிகூடக் காணாமல் போனதில்லை. ஒரு ஜோடிகூட எந்தக் காலுக்கும் போய்ச் சேர்ந்ததுமில்லை என்று அவருக்கு வேண்டாதவர்கள் சொல்வார்கள்.

இந்த ஏற்பாடுகளைப் பற்றிக் கவலைப்பட உண்மையான காரணம் ஒருவனுக்குத்தான் இருந்தது. அவன் டீமின் கோல்கீப்பர் வேம்புலி. பாரிவாக்கத்துக்காரன், தினக்கூலி. வருஷம் முடிய இன்னும் கொஞ்ச நாள் இருக்கும்போது அவனை வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். சில வாரம் கழித்துப் புது ஆளாக எடுத்துக்கொள்வார்கள். அப்படி ஏழு வருஷமாக அவன் வேலைக்குப் புதுசாகச் சேர்ந்துகொண்டே இருந்தான். வேலையில்லாத வாரங்களில் அவன் மனைவி சொர்ணம் சூளையில் கல் சுமந்து கொண்டுவருவதில்தான் அடுப்பு எரியும். வார்த்தெடுத்த இரும்புத் துண்டுகளைச் சூடு ஆறுவதற்குள் வரிசையில் நின்று வீசிப் பிடித்துப் பழகிய கை என்பதால் பந்து அவனுக்குப் பஞ்சு மாதிரி இருந்தது.

முதலாளி பம்பாய்க்குக் கிளம்புகிற அவசரத்தில் காரில் ஒரு காலை வைத்துக்கொண்டே, "கப்போட வந்தா டீம்ல இருக்கிற தினக்கூலி ஆளுங்களை பர்மனென்ட் பண்ணிடுவோம்" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார். டீமில் இருந்த தினக்கூலி வேம்புலி ஒருவன்தான். முதலாளிக்கு அது தெரியாது. தெரிந்திருந்தால் இரண்டு காலையும் உள்ளே வைத்துக்கொண்ட பிறகு பேசியிருப்பார்.

திங்கட்கிழமை கேன்டீனில் கூட்டம். சாப்பாட்டு மேஜைமேல் ஏறி நின்று செங்கல்வராயன் பேசினார்.

"தோழர்களே என்று உங்களை அழைக்க மாட்டேன், அது யூனியன் வார்த்தை. நண்பர்களே என்று அழைக்க ரூல்ஸில் இடமில்லை. ஆகவே, ஆட்களே! போவது என்பது யாராலும் முடியும். ஆடு போகிறது, மாடு போகிறது. வந்து சேர்வதற்குத்தான் நிர்வாகம் தேவை. நாம் பெரியமேட்டுக்கு ஆட்டம் பார்க்கப் போகவில்லை. இந்தக் கம்பெனியின் ஆட்கள் எத்தனை பேர் புறப்பட்டார்களோ அத்தனை பேரும் அப்படியே வந்து சேர்ந்தார்கள் என்பதைக் காட்டப் போகிறோம். ஆட்டம் அதற்கு ஒரு சந்தர்ப்பம். அவ்வளவுதான்."

பின்னால் இருந்து ஒரு குரல் கேட்டது. "சார், ரயில்ல போனா சுருக்கா போய்டலாமே?"

"யார் அது?" என்று செங்கல்வராயன் கேட்டார். யாரும் எழுந்திருக்கவில்லை. "ரயிலைப் பற்றி இவனுக்கு எதற்கு அக்கறை? ரயில் நம் சொல்லைக் கேட்டு நிற்குமா? வில்லிவாக்கத்தில் நிற்கும், பெரம்பூரில் நிற்கும். யார் இறங்கினான், எதற்கு இறங்கினான் என்று எஞ்சின் டிரைவர் எனக்கு வந்து பதில் சொல்வானா?"

அவர் ஒரு வரைபடத்தை விரித்தார். மெட்ராஸ் அம்பத்தூருக்குக் கிழக்கே இருக்கிறது. சிவப்புக் கோடு மேற்கே போயிற்று. ஆவடிக்குப் போய், அங்கிருந்து தெற்கே திரும்பி, பருத்திப்பட்டு, பாரிவாக்கம் வழியாகப் பூந்தமல்லியைத் தொட்டு, அதன் பிறகுதான் ஹைரோட்டைப் பிடித்துப் பெரியமேட்டைப் பார்த்து ஓடியது. நேர் வழியில் கட்சி ஆபீசுகளும் கொட்டகைகளும் இருப்பதால் இந்த ஏற்பாடு. செம்பரம்பாக்கம் ஏரி வரைக்கும் போய்த் திரும்பினால் இன்னும் பத்திரம் என்று அவருக்கு ஓர் எண்ணம் இருந்தது. டீசலை முன்னிட்டுக் கைவிட்டுவிட்டதாக வருத்தத்தோடு சொன்னார்.

கூட்டம் கலைந்ததும் வேம்புலி அவரிடம் போனான்.

"சார், நான் கோல்கீப்பரு. டீமு வேன்ல போவுதாமே. நானும் அத்துல வர்ட்டா?"

"நீ பர்மனென்ட்டா?"

"இல்ல சார். கப்பு வந்தா பண்றேன்னு முதலாளி சொல்லிகீறாரு."

"வேன் பர்மனென்ட் ஆளுங்களுக்கு. நாளைக்கு வேன் கவுந்துதுன்னா பர்மனென்ட் ஆளுக்கு நஷ்ட ஈடு உண்டு. உனக்கு இல்ல. நஷ்ட ஈடு இல்லாத ஆள வேன்ல ஏத்தினா, கவுக்கறதுக்கே ஏத்தினேன்னு யூனியன் சொல்லும். நீ ரெண்டாம் நம்பர் லாரி."

"நாலரைக்கு ஆட்டம் சார்…"

"கேட்டுக்குள்ள நீ தினக்கூலி. கோலுக்குள்ள நீ கோல்கீப்பர். கோல் பெரியமேட்டுல இருக்கு. அங்க போய்ச் சேர்ற வரைக்கும் நீ யாரு?"

வேம்புலி பட்டறைக்குத் திரும்பிப் போனான்.

யூனியன் சும்மா இருக்கவில்லை. அதன் தலைவர் வீராசாமி வாசல் கூட்டத்தில் கேட்டார்: "ஏழு வருஷமா குடிக்கிற தண்ணிக்குப் பானை வெக்காதவன் இன்னைக்கு லாரி வெக்கிறான்னா இன்னா அர்த்தம்? நாம அங்க கைதட்டிகினு இருக்கசொல்லோ இங்க மிஷினக் கழட்டி ஏத்திகினு போய்டுவான்!" அதனால் யூனியன் சார்பில் லாரிக்கு ஒரு ஆள், நிர்வாகத்தின் ஆள் சரியாக எண்ணுகிறானா என்று எண்ணுவதற்கு நியமிக்கப்பட்டான். அந்த யூனியன் ஆளை எண்ண நிர்வாகம் இன்னொரு ஆளைப் போட்டது.

புதன்கிழமை முதல் ஒத்திகை. கம்பெனி முற்றத்தில் பெஞ்சுகளைச் சேர்த்து லாரி என்று வைத்துக்கொண்டார்கள். ஆட்கள் ஏறினார்கள், எண்ணப்பட்டார்கள், இறங்கினார்கள், மறுபடி எண்ணப்பட்டார்கள். இறங்கும்போது இடது கால் முதலில். ஸ்டேடியத்தின் ஆறாவது கேட்டுக்குள் இரண்டிரண்டு பேராக நுழைவது. உட்காரும்போது பக்கத்தில் இருப்பவன் கம்பெனி ஆள்தானா என்று பார்த்துக்கொள்வது. நம் டீம் கோல் போட்டால் செங்கல்வராயன் கைக்குட்டையை அசைப்பார். அதன் பிறகு கைதட்டலாம். எதிர் டீம் கோல் போட்டால் யாரும் அதைப் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளக் கூடாது. ஒத்திகைக்கு இடம் வேண்டும் என்று டீமின் பயிற்சியை நிறுத்திவிட்டார்கள். வேம்புலி நாலு நாள் சாயங்காலமும் பெஞ்சில் ஏறி இறங்கினான்.

"இன்னா மாமே, பந்து புடிக்கிறது எப்புடியோ, பெஞ்சுல குந்துறதுல நீ கில்லாடி ஆய்ட்ட" என்றான் துலுக்கானம். அவனும் தினக்கூலி. வேம்புலியோடு வார்ப்பு அச்சுக்கு மண் இடிப்பவன்.

"என்ன வுட்டுட்டுப் போறதுக்குத்தான் இவ்ளோ பெரிய வேல பண்றானுங்களோன்னு தோணுது."

"உன்ன ஒருத்தன வுட்டுட்டுப் போறதுக்கு நாலு லாரி வெப்பானா? அவ்ளோ பெரிய ஆளா நீ?"

அதைக் கேட்டு வேம்புலிக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே எல்லோரும் வந்துவிட்டார்கள். ஒவ்வொருவனுக்கும் நம்பர் போட்ட பித்தளைப் பில்லை ஒன்று தரப்பட்டது. சட்டையில் குத்திக்கொள்ள வேண்டும். "நான் முகத்தப் பாக்க மாட்டேன். முகம் மாறும். சிரிச்சா ஒண்ணு, அழுதா ஒண்ணு. பில்லை மாறாது" என்றார் செங்கல்வராயன். கணக்கு குமாஸ்தாவும் டீம் கேப்டனுமான குணசேகரனையும் மற்ற ஒன்பது ஆட்டக்காரர்களையும் ஏற்றிக்கொண்டு வேன் கிழக்கே போயிற்று. எல்லோருக்கும் பில்லை குத்தி முடிந்து, மத்தியானத்துக்கு மேல் நாலு லாரிகள் மேற்கே கிளம்பின. முன்னால் ஜீப்பில் செங்கல்வராயன்.

ஆவடி ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் முதல் எண்ணிக்கை. இரண்டாம் லாரியில் ஒரு ஆள் அதிகம்.

செங்கல்வராயனுக்கு முகம் வெளுத்துவிட்டது. குறைந்தால் ஓடிவிட்டான் என்று அர்த்தம். அதற்கு ரூல் இருக்கிறது. கூடினால்? "ஒருத்தன் கூடறது ஒருத்தன் கொறையறத விட ஆபத்து" என்று ரோட்டில் நின்று சொன்னார். நாலு லாரியையும் மறுபடி முதலிலிருந்து எண்ணச் சொன்னார்.

கூடியிருந்தவர் ஹாஜா மொய்தீன். பூந்தமல்லிக்காரர், ஆட்டுத்தோல் வியாபாரி. ஆவடிப் பக்கத்து ஊர்களில் தோல் வாங்கிக்கொண்டு பெரியமேட்டு மண்டிக்குப் போகவேண்டியவர். தோல் மூட்டையோடு ரயிலில் ஏறினால் ஆட்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு சண்டைக்கு வருகிறார்கள் என்பதால், லாரி டிரைவரிடம் சொல்லிவைத்து, லாரி நின்றதும் ஏறி மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார்.

அந்த நேரத்தில் ஸ்டேஷனுக்குள் மெட்ராஸ் போகிற பாசஞ்சர் வந்து நின்றது. வேம்புலி அதைப் பார்த்தான். மூன்றாவது லாரியில் எண்ணிக்கொண்டிருந்த செங்கல்வராயனைப் பார்த்தான்.

துலுக்கானம் அவன் விலாவில் இடித்தான். "இன்னா பாத்துகினு கீற? எறங்கி ஓடு."

"ஒருத்தன் கொறைவானே மச்சான்."

"கொறைய மாட்டான். கூட ஒருத்தன் கீறாரே." துலுக்கானம் திரும்பி, "பாய், பெரியமேட்டு வரைக்கும் ஓசில போவணுமா? இந்தப் பில்லையைக் குத்திகினு கம்முனு குந்து. பேரு கேட்டா வேம்புலின்னு சொல்லு" என்றான்.

"பில்லைய வாங்கிக்கினு என்னத் தூக்கி உள்ள போட மாட்டாங்களே தம்பி?"

"எறங்கினாதான் போடுவான். குந்திகினே இரு."

"நான் ஏன் எறங்கப் போறேன்? எறங்கினா என் தோலு எனுக்கு இருக்குமா?" என்று ஹாஜா மொய்தீன் பில்லையைக் குத்திக்கொண்டார். ரோட்டுப் புழுதிக்காகத் துண்டைத் தலையோடு முகத்தையும் சேர்த்துச் சுற்றிக்கொண்டார்.

செங்கல்வராயன் இரண்டாம் லாரிக்குத் திரும்பி வந்தபோது கணக்கு சரியாக இருந்தது. ரயில் கிளம்பிக்கொண்டிருந்தது.

"பாத்தீங்களா? எண்ணினா எல்லாம் சரியாயிடும்" என்றார்.

அங்கிருந்து லாரிகள் போன விதத்தை விளக்கமாகச் சொல்ல வேண்டும். ஏனென்றால் கம்பெனியில் அதன் பிறகு எல்லோரும் அதைப் பற்றித்தான் பேசினார்கள். பருத்திப்பட்டில் நாலாம் லாரிக்கு டயர் வெடித்தது. ஒரு லாரி நின்றால் எல்லா லாரியும் நிற்க வேண்டும் என்பது ஏற்பாடு. நின்றால் எண்ண வேண்டும் என்பதும் ஏற்பாடு. பாரிவாக்கத்தில் ஒரு மாட்டு மந்தை குறுக்கே வந்தது. அதுவரை ஆட்களை எண்ணிய வேகத்தில் ஒருவன் மாடுகளையும் எண்ணிவிட்டதால் முதலிலிருந்து தொடங்க வேண்டியதாயிற்று. பூந்தமல்லி பஸ் ஸ்டாண்டு கும்பலுக்குள் மூன்றாம் லாரியில் ஒரு கல்யாண கோஷ்டி ஏறிக்கொண்டது; அதை இறக்கிவிட்டு மறுபடி எண்ணினார்கள்.

ஹைரோட்டில் சாராயக் கடைகள் வரத் தொடங்கின. இதற்கும் செங்கல்வராயன் ஏற்பாடு செய்திருந்தார். ஆட்கள் கடையைப் பார்த்தால்தானே ஆசை வரும்? கடை வரும் இடத்தில் லாரியின் தார்ப்பாயை நாலு பக்கமும் இறக்கிக் கட்டிவிட வேண்டும். ஓடுகிற லாரியில் தார்ப்பாயை இறக்க முடியாது. ஆகையால் ஒவ்வொரு சாராயக் கடைக்கு எதிரிலும் நாலு லாரியும் நின்றன. தார்ப்பாயை இறக்கிக் கட்டி முடித்ததும் உள்ளே இருட்டாகிவிடும். ஆட்கள் தார்ப்பாய்க்கு அடியில் புகுந்து அந்தப் பக்கமாக இறங்கிக் கடைக்குப் போனார்கள். யூனியனின் ஆளும் போனான். அவனை எண்ணவேண்டிய ஆள் கடமை தவறாமல் கூடவே போனான். தார்ப்பாயை அவிழ்த்ததும் எண்ணிக்கை குறையும். செங்கல்வராயன் ரோட்டில் நின்று காத்திருப்பார். அவர்கள் வாயைத் துடைத்துக்கொண்டு வந்து ஏறுவார்கள். எண்ணிக்கை சரியாகிவிடும். அடுத்த கடை வரும்.

எல்லா இடங்களிலும், எல்லாக் கடைகளிலும், இரண்டாம் லாரியில் ஒரே ஒரு பில்லை மட்டும் வைத்த இடத்தில் அப்படியே இருந்தது. செங்கல்வராயன் அதைக் கவனித்தார். அவருக்குக் கண் கலங்கியது.

"பேர் என்ன?"

"வேம்புலி" என்றார் துண்டுக்குள்ளிருந்து ஹாஜா மொய்தீன்.

பெரியமேட்டில் ஆட்டம் நாலரைக்குத் தொடங்கிவிட்டது. வேம்புலி மெட்ராஸ் ஸ்டேஷனில் இறங்கி ஓடி வந்து, வேனில் வந்திருந்த பனியனை மாட்டிக்கொண்டு கோலில் நின்றான். எதிரே கம்பெனிக்கென்று கயிறு கட்டி ஒதுக்கிய காலரி காலியாக இருந்தது. நிர்வாகத்தில் ஒரு ஆள்கூட அங்கே இல்லை. எல்லோரும் ஏற்பாட்டின்படி வந்து சேர்ந்துகொண்டிருந்தார்கள். எதிர் டீம் மில்காரர்களின் டீம், முரட்டு ஆட்டம். குணசேகரன் எப்படியோ ஒரு கோல் போட்டுவிட்டார். அதற்குப் பிறகு பந்து முழுக்க வேம்புலியைத் தேடித்தான் வந்தது. கடைசி நிமிஷத்தில் அவன் பாய்ந்து பந்தை அமுக்கியபோது ஒரு பூட்ஸ் அவன் வலது கை மோதிர விரல்மேல் இறங்கியது. அவன் பந்தை விடவில்லை. ஏழு வருஷத்தை அமுக்கிப் பிடிப்பது போலப் பிடித்துக்கொண்டு படுத்திருந்தான்.

கம்பெனி ஜெயித்தது.

கும்பல் வெளியே வந்துகொண்டிருந்தபோது லாரிகள் வந்து சேர்ந்தன. செங்கல்வராயன் ஆட்களை இறக்கி, இரண்டிரண்டு பேராக நிறுத்தி, வெளியே வருகிற ஆயிரக்கணக்கான பேருக்கு எதிராக ஆறாவது கேட்டுக்குள் நடத்திப் போனார். இடது கால்தான் முதலில் விழுந்தது. வேம்புலி அந்த நேரம் விரலைப் பிடித்துக்கொண்டு அதே கேட்டில் வெளியே வந்தான்.

"மாமே! கெலிச்சோமா?" என்று வரிசையிலிருந்து கத்தினான் துலுக்கானம்.

"கெலிச்சிட்டோம்!"

செங்கல்வராயன் திரும்பினார். சேறு பூசிய பனியனும் ரத்தமுமாக ஒருவன். மார்பில் பில்லை இல்லை. "யோவ், வெளியாளு! வரிசைய விட்டு விலகு!" என்று அவனைத் தோளைப் பிடித்துத் தள்ளினார்.

காலியான காலரியில் ஆட்கள் ஒழுங்காக உட்கார்ந்தார்கள். மைதானத்தில் ஒருவன் கோல் வலையை அவிழ்த்துக்கொண்டிருந்தான். செங்கல்வராயன் கைக்குட்டையை அசைத்தார். எல்லோரும் கைதட்டினார்கள். வலையை அவிழ்ப்பவன் ஒரு தரம் திரும்பிப் பார்த்துவிட்டு வேலையைத் தொடர்ந்தான்.

மறுநாள் கேட்டுக் கூட்டம். வேம்புலி கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, பர்மனென்ட் செய்தியைக் கேட்க முன்வரிசையில் நின்றான்.

"ஆட்களே!" என்றார் செங்கல்வராயன். "புறப்பட்டவர்கள் அத்தனை பேரும் வந்து சேர்ந்துவிட்டோம். இந்தியாவில் எந்தக் கம்பெனியும் இதைச் செய்ததில்லை. பம்பாயில் இருக்கும் முதலாளிக்கு டிரங்க் காலில் நானே சொன்னேன். அதிலும் ஓர் ஆள். வழி நெடுக உட்கார்ந்த இடத்தை விட்டு அசையாத ஓர் ஆள். சாராயக் கடைக்கு எதிரில்கூட அசையவில்லை. இரண்டாம் நம்பர் லாரி, வேம்புலி! அவனைப் பர்மனென்ட் செய்ய முதலாளி சம்மதித்துவிட்டார்."

வேம்புலி வாயைத் திறந்தான். அவனுக்குப் பின்னால் நின்ற துலுக்கானம் அவன் இடுப்பைக் கிள்ளினான்.

"ஆனால்" என்று குரலைத் தாழ்த்தினார் செங்கல்வராயன். "வேம்புலி லாரியில் இருந்தான். என் கண்ணால் பார்த்தேன். அப்படியானால் நம் கோலில் நின்றது யார்?"

ஆட்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"ஒரு வெளியாள் நம் பனியனைப் போட்டுக்கொண்டு, நமக்காக விரலை உடைத்துக்கொண்டு பந்து பிடித்திருக்கிறான். பேப்பரில் போட்டிருக்கிறது. ஏன் பிடித்தான்? இதில் அவனுக்கு என்ன லாபம்? லாபம் இல்லாமல் ஒருவன் விரலை உடைத்துக்கொள்வானா?" அவர் கேப்டன் பக்கம் திரும்பினார். "குணசேகரன், நீங்க அங்க இருந்தீங்க. யார் அவன்?"

குணசேகரனுக்கு அந்த மாதம் ஹெட் கிளார்க் பதவி உயர்வு வரவேண்டியிருந்தது. அவர் வேம்புலியைப் பார்த்தார். வானத்தைப் பார்த்தார்.

"சார், நான் சென்டர் ஃபார்வர்டு. என் பார்வை எப்பவும் முன்னாலதான். பின்னால யார் நிக்கிறாங்கன்னு பாக்கறது என் வேலை இல்ல சார்."

வெளியாளை வைத்து ஜெயித்த கப் கம்பெனிக்கு வேண்டாம், திருப்பிக் கொடுத்துவிடுவது என்று முடிவாயிற்று. "கப் எந்தக் கம்பெனியிலும் இருக்கும்" என்றார் செங்கல்வராயன். "இப்படி வந்து சேர்ந்த பெருமை யாரிடம் இருக்கிறது?"

அன்று சாயங்காலம் பாரிவாக்கத்தில் சொர்ணம் அவன் விரலில் மூங்கில் பட்டையை வைத்துக் கட்டினாள்.

"நெசமாவே பர்மனென்ட்டா?"

"ஆமா. லாரில ஆடாம அசையாம குந்திகினு வந்ததுக்கு."

"யாரு குந்திகினு வந்தது?"

"பாயி."

"அப்ப பந்து புடிச்சது?"

"யாருன்னு தெரிலயாம். தேடிகினு கீறாங்க."

"கெடச்சா?"

"லாரிய வுட்டு எறங்கினான்னு வேலய வுட்டே எடுத்துடுவானுங்க. எந்தக் காலத்துலயும் திரும்ப உள்ள வுட மாட்டானுங்க."

சொர்ணம் தான் கட்டிய கட்டைப் பார்த்தாள். அவளுக்கு அந்த ஆட்டம் எப்படியிருக்கும் என்று தெரியாது. சூளை தெரியும், சும்மாடு தெரியும், வேலையில்லாத வாரம் எத்தனை நீளம் என்று தெரியும். கட்டை அவிழ்த்து மூங்கில் பட்டையை அடுப்பில் போட்டாள்.

"கட்டோட போனா கேப்பானுங்க. ரெண்டு நாளு பல்லக் கடிச்சிகினு வேல செய்யி."

அடுத்த நாள் கேட்டில் கை பரிசோதனை வைத்தார்கள். வெளியாளை உள்ளே விட்டவன் உள்ளே இருக்கலாம். அந்த வெளியாளே இப்போது உள்ளே வந்துவிட்டிருக்கலாம். எப்படியும் உடைந்த விரல் காட்டிக்கொடுத்துவிடும் என்பது செங்கல்வராயனின் கணக்கு. ஒரு மேஜை, பக்கத்தில் முதலுதவிக் கம்பவுண்டர். ஆட்கள் ஒவ்வொருவராக வந்து வலது கையை மேஜைமேல் வைக்க வேண்டும்.

முதல் ஆள் வைத்தான். ஆள்காட்டி விரல் பாதிதான் இருந்தது. இரண்டாவது ஆளுக்கு நடுவிரல் நகம் கறுத்து வீங்கியிருந்தது. போன வாரம் அச்சுப் பெட்டி விழுந்தது என்றான். மூன்றாவது ஆளுக்கு மோதிர விரல் கோணிக்கொண்டு பக்கத்து விரல்மேல் ஏறியிருந்தது. செங்கல்வராயன் துள்ளினார். நாலாவது ஆளுக்கும் அப்படியே இருந்தது. அடுத்தவனுக்கு இரும்புக் குழம்பு தெறித்து இரண்டு விரல் ஒட்டிப்போயிருந்தது. துலுக்கானம் வந்து, "எந்த வெரலு சார் வேணும்? உடைஞ்சதா, உடையாததா? உடையாதது ரெண்டு கீது" என்று கையை நீட்டினான்.

செங்கல்வராயன் இத்தனை வருஷம் இந்த ஆட்களை எண்ணியிருக்கிறார். கையைப் பார்த்தது அன்றைக்குத்தான். கம்பவுண்டரைத் தனியாக அழைத்தார்.

"இதுல எது பந்துல உடைஞ்சது, எது வேலைல உடைஞ்சதுன்னு சொல்லிடலாமா?"

"எலும்புக்கு அது தெரியாது சார்."

வேம்புலியின் முறை வந்தது. விரல் கத்திரிக்காய் மாதிரி இருந்தது. அவன் அதை மேஜைமேல் வைத்தான். செங்கல்வராயன் கையைப் பார்க்கவில்லை. முகத்தையும் பார்க்கவில்லை. பர்மனென்ட் ஆளுக்குரிய புதுப் பில்லையை எடுத்து நீட்டினார்.

"உன்னச் சோதிக்கத் தேவையில்ல. நீதான் லாரில இருந்தியே. கையக் குடு."

வேம்புலி கொடுத்தான். செங்கல்வராயனுக்குப் பட்டாளத்துப் பிடி. சந்தோஷத்தில் அழுத்திக் குலுக்கினார். ஆண்டு மலருக்கு ஒருவன் போட்டோ எடுத்தான். சரியாக விழவில்லை என்று இன்னொரு முறை குலுக்கச் சொன்னான்.

"உன்னை மாதிரி அசையாத ஆளுதாம்பா கம்பெனிக்கு வேணும்" என்றார் செங்கல்வராயன்.

வேம்புலி அசையவில்லை.

கப் திரும்பிப் போயிற்று. அந்த வெளியாள் அகப்படவே இல்லை. மழைக்காலம் முடிந்து அடுத்த கப் ஆட்டங்கள் தொடங்கும் சமயத்தில் குணசேகரன் மண் இடிக்கிற பட்டறைக்கு வந்தார். ஹெட் கிளார்க் ஆகியிருந்ததால் வாசலிலேயே நின்று பேசினார்.

"வேம்புலி, அடுத்த வாரம் ஆட்டம். கோலுக்கு ஆள் இல்லப்பா."

வேம்புலி இரண்டு பக்கமும் பார்த்தான். சூப்பர்வைசர் தூரத்தில் இருந்தான். யூனியன் ஆள் பக்கத்தில் இருந்தான். அவன் குனிந்து அச்சுப் பெட்டியில் மண்ணைத் தள்ளினான்.

"எனுக்கு இன்னா சார் தெரியும் பந்தப் பத்தி? போன தபா ஒரு வெளியாளு நல்லாப் புடிச்சாராமே, அவரத் தேடிப் பாருங்க."